எல்.ஆர்.பி.யின் அல்பங்களும் அயூப் பாச்சுவின் கிட்டாரும்

பங்களாதேஷின் புகழ்பெற்ற ரொக் இசைக்கலைஞர் அயூப் பாச்சு 2018 ஒக்டோபர் 18 வியாழக்கிழமை காலை டாக்காவில் காலமானார். இதயம் செயலிழந்தது. அவருக்கு வயது 56. இரு தினங்களுக்கு முன்னர்தான் நாட்டின் வடபகுதியில் உள்ள ரங்பூரில் ஒரு திறந்தவெளிக் கச்சேரியில் அவர் கிட்டாருடன் மேடையில் நின்றிருந்தார். மறுநாள் டாக்கா மத்திய ஷஹீத் மினாரில் அவரது உடலுக்கு ஆயிரக்கணக்கானவர்கள் வரிசையில் நின்று அஞ்சலி செலுத்தினார்கள். மொழிக்காக உயிர்நீத்தவர்களின் நினைவுச்சின்னம் அது. அங்கு ஒரு ரொக் பாடகரின் உடல் வைக்கப்பட்டதற்குப் பின்னால் ஏறத்தாழ நாற்பது வருடகால வரலாறு ஒன்று இருக்கிறது.

அவர் இறந்த அன்று மாலை தென்பகுதி நகரான பர்குனாவில் வேறொரு கச்சேரி ஏற்கனவே ஏற்பாடாகியிருந்தது. அதில் பாட வந்திருந்தவர் பாச்சுவின் நீண்டகால நண்பரும், ரசிகர்களின் கண்ணில் போட்டியாளருமான ஜேம்ஸ். நிகழ்ச்சியை மறைந்தவருக்கு அர்ப்பணித்துவிட்டு கிட்டாரை மீட்டத் தொடங்கிய அவர் மேடையிலேயே கண்ணீர் விட்டழுதார். அந்தக் காட்சி பங்களாதேஷுக்கு வெளியிலும் இலட்சக்கணக்கானவர்களால் பார்க்கப்பட்டது.

வெளிநாட்டுச் செய்திகளைத் தொகுப்பதில் பல வருடங்களைச் செலவிட்டவன் என்ற முறையில் அன்றைய செய்தி அறிக்கைகளில் ஒரு விடயத்தைக் கவனித்தேன். எல்லாமே அயூப் பாச்சுவைப் பற்றியவையாக இருந்தன. அவர் 27 வருடங்கள் தலைமை தாங்கிய எல்.ஆர்.பி. என்ற இசைக்குழுவுக்கு ஒரு வசனம் கிடைத்தது. சிலவற்றில் அதுவும் இல்லை. ஆனால், அவர் விட்டுச்சென்ற முக்கியமான அல்பங்களில் பெரும்பாலானவற்றின் அட்டையில் இருப்பது அவரது பெயரல்ல, குழுவின் பெயர். ஒரு டசினுக்குக் குறையாத அந்த அல்பங்கள் உண்மையில் யாருடையவை என்ற கேள்வி அவரது மரணத்துக்குப் பிறகு சச்சரவாகவே வெடித்தது. அதைப் புரிந்துகொள்ள வேண்டுமானால் அந்த அல்பங்களின் வழியாகவே போகவேண்டும்.

வங்காளிகள் மத்தியில் ரொக் இசைக்கு ஆரம்பத்தில் இருந்த இடம் மிகவும் சங்கடமானது. 1952இல் மொழிக்காக இரத்தம் சிந்தி, 1971இல் அந்த மொழியின் பெயரால் ஒரு நாட்டையே உருவாக்கிய மக்கள் அவர்கள். ரவீந்திரரின் பாடல் அவர்களது தேசிய கீதம். நஸ்ருலின் பாடல் போராட்டக் குரல். லாலனின் பாடல் கிராமத்தின் ஆன்மா. இவ்வளவும் இருக்கும்போது நீண்ட தலைமுடியும் மின்சாரக் கிட்டாருமாக வந்து கூச்சலிடுவதற்கு என்ன தேவை இருக்கிறது என்று படித்த நடுத்தர வர்க்கம் கேட்டது. அதற்கு அவர்கள் வைத்திருந்த சொல் 'அபசம்ஸ்கிருதி', அதாவது சீரழிந்த கலாசாரம். டாக்காவிலும் சிட்டகொங்கிலும் பெரிய ஹோட்டல்களில் ஆங்கிலப் பாடல்களைப் பாடிக்கொண்டிருந்த காலத்தில் இந்தக் குழுக்களைப் பற்றி எவரும் பெரிதாக அலட்டிக்கொள்ளவில்லை. அவை வங்காள மொழியில் பாடத் தொடங்கியபோதுதான் கோபம் வந்தது.

அந்தத் துணிச்சலைச் செய்து காட்டிய முதல் மனிதர் அஸாம் கான். 1971 விடுதலைப் போரில் கெரில்லாவாகத் துப்பாக்கி ஏந்தியவர். முகாமில் தோழர்களுக்குப் பாட்டுப் பாடியவர். போர் முடிந்து திரும்பிவந்து 'உச்சாரண்' என்ற குழுவை அமைத்து சேரி மக்களைப் பற்றி பொப் மெட்டில் பாடினார். விடுதலைப் போராளியை அபசம்ஸ்கிருதி என்று சொல்வது அவ்வளவு சுலபமில்லை. அவர் திறந்துவைத்த கதவின் வழியாகத்தான் மற்றவர்கள் எல்லோரும் உள்ளே வந்தார்கள்.

சிட்டகொங் ஒரு துறைமுக நகரம். கப்பல்களோடு வெளிநாட்டு இசைத்தட்டுகளும் வாத்தியங்களும் வந்து இறங்கிய இடம் என்பதால் டாக்காவுக்கு ஈடாக அங்கும் இசைக்குழுக்கள் முளைத்ததில் வியப்பில்லை. அங்கு 1970களின் முற்பகுதியில் தோன்றிய 'சோல்ஸ்' என்ற குழுவே அவற்றில் மூத்தது. 1982இல் வெளியான அதன் 'சூப்பர் சோல்ஸ்' பங்களாதேஷ் இசைக்குழுக்களின் அல்பங்களில் மிக ஆரம்பகாலத்துக்குரியது. 1962 ஆகஸ்ட் 16 சிட்டகொங்கில் பிறந்த அயூப் பாச்சு, ஜிமி ஹென்ட்ரிக்ஸின் வாசிப்பில் மயங்கி கிட்டாரைப் பிடித்தவர். 1980இல் சோல்ஸில் சேர்ந்த அவர் பத்து வருடங்கள் அந்தக் குழுவின் கிட்டார் வாத்தியக்காரராக இருந்தார். ஆனால், சோல்ஸின் இசை மெல்லிசை. அதில் தபன் சௌதுரியின் குரலே பிரதானம். பின்னணியில் இருந்த இளைஞர் அந்தப் பத்து வருடங்களுக்குள்ளேயே 1986இல் 'ரக்த கோலாப்', 1988இல் 'மயனா' என்று இரு தனி அல்பங்களை வெளியிட்டுப் பார்த்தார். கிட்டாரின் ஓசையைக் கூட்டவேண்டும் என்று அவரும், பாடலின் இனிமை கெடக்கூடாது என்று மற்றவர்களும் நினைத்திருந்தால் அதில் எவரையும் குறைசொல்ல முடியாது. சோல்ஸ் அவரை இழந்த பிறகும் பல தசாப்தங்கள் நீடித்தது என்பதை வாசகர்கள் மனதில் வைத்துக்கொள்ளவேண்டும். பின்னர் அது தேவைப்படும்.

எல்.ஆர்.பி.யின் பிறந்தநாளாகக் கொள்ளப்படுவது 1991 ஏப்ரல் 5. எட்டரை வருடங்களுக்கு மேலாக நாட்டை ஆண்ட ஜெனரல் எர்ஷாத் மக்கள் கிளர்ச்சியின் முன்னால் பதவி துறந்தது 1990 டிசெம்பர் 6. அந்த மாத வெற்றித் தினத்தில் டாக்கா பல்கலைக்கழக வளாகத்தில் இசைக்குழுக்கள் ஒன்றுகூடி நடத்திய திறந்தவெளிக் கச்சேரி, இந்த இசைக்கு மாணவர்கள் மத்தியில் ஒரு புதிய மரியாதையைத் தேடிக்கொடுத்தது. அந்தச் சூட்டோடுதான் எல்.ஆர்.பி. தோன்றியது. குழு அமைந்து நான்கு வாரங்கள் கூட ஆகவில்லை. ஏப்ரல் 29 இரவு பாச்சுவின் சொந்தப் பிரதேசமான சிட்டகொங் கரையோரத்தைத் தாக்கிய சூறாவளி ஏறத்தாழ 1,38,000 மக்களைப் பலிகொண்டது. பங்களாதேஷில் எதுவும் அமைதியான காலத்தில் பிறப்பதில்லை.

குழுவின் பெயர் பற்றி ஒரு சுவையான கதை உண்டு. முதலில் வைத்த பெயர் 'லிட்டில் ரிவர் பேண்ட்'. ஆறுகளின் நாட்டில் பொருத்தமான பெயர்தான். ஆனால், 1975இல் அவுஸ்திரேலியாவில் தொடங்கப்பட்டு அமெரிக்கா வரை புகழ்பெற்ற ஒரு குழுவுக்கு அதே பெயர் ஏற்கனவே இருந்தது. அது தெரியவந்தபோது எல்.ஆர்.பி. என்ற எழுத்துகளை ரசிகர்கள் அறிந்துவிட்டார்கள். எனவே எழுத்துகளை வைத்துக்கொண்டு சொற்களை மாற்றினார்கள். 'லவ் ரன்ஸ் பிளைண்ட்' ஆனது. காதல் கண்மூடி ஓடுகிறது என்று தமிழில் சொல்லலாம். வங்காளமொழியை ரொக் இசைக்குள் கொண்டுவந்தவர்கள் என்று புகழப்படும் ஒரு குழு கடைசிவரை ஆங்கில எழுத்துகளாலேயே அறியப்பட்டதில் ஒரு முரண் இருக்கவே செய்கிறது.

தொடக்கத்தில் நால்வர். கிட்டாரும் குரலும் பாச்சு, பேஸ் கிட்டார் ஸ்வபன், ட்ரம்ஸ் ஜாய், கீபோர்ட் டுடுல். 1992இல் அவர்களது முதலாவது வெளியீடு வந்தபோது கடைக்காரர்கள் குழம்பிப்போயிருக்கவேண்டும். ஒன்றல்ல, இரண்டு கசெட்டுகள். எல்.ஆர்.பி. 1, எல்.ஆர்.பி. 2. பங்களாதேஷின் முதலாவது இரட்டை அல்பம் என்று அது பதிவாகியிருக்கிறது. அறிமுகமாகும் ஒரு குழு ஒரு கசெட்டை விற்பதே பாடாக இருந்த காலத்தில் இது அசட்டுத் துணிச்சல் என்றுதான் எவரும் சொல்லியிருப்பார்கள். அக்கால வியாபாரத்தைத் தெரிந்தவர்களுக்கு அது விளங்கும். பழைய டாக்காவின் பட்டுவாட்டுலி பகுதியே கசெட் வியாபாரத்தின் மையம். இரு பெருநாட்களையொட்டிய வாரங்களே விற்பனைக் காலம். பக்கத்துக்கு ஆறு பாடல்கள் என்ற கணக்கில் பன்னிரண்டு பாடல்கள் ஒரு கசெட்டில் அடங்கும். கலைஞர்களுக்குப் பெரும்பாலும் ஒரே தடவையில் ஒரு தொகை கையில் கொடுக்கப்படும். எத்தனை பிரதிகள் விற்றாலும் அதற்குமேல் கேட்க வழியில்லை. பிற்காலத்தில் இந்த ஏற்பாடு எவ்வளவு பெரிய சிக்கலாகப் போகிறது என்பதை அன்று எவரும் யோசிக்கவில்லை.

அந்த முதல் இரட்டையில் என்ன இருந்தது? ஊர்தான் இருந்தது. கிராமத்தின் ஆறும் படகும் அல்ல, டாக்கா நகரம். 'டாக்கார் சந்த்யா' என்றால் டாக்காவின் மாலைப்பொழுது. 'ஹாக்கர்' நடைபாதை வியாபாரியைப் பற்றியது. ஷஹீத் மஹ்மூத் ஜங்கி எழுதிய 'கும் பாங்கா ஷொஹொரே', தூக்கம் கலைந்த ஒரு நகரத்தைப் பற்றியது. வங்காளப் பாடல் மரபில் நகரம் பெரும்பாலும் மனிதன் தொலைந்துபோகும் இடம். ஊருக்குத் திரும்பவேண்டும் என்ற ஏக்கமே பாடலாகும். எல்.ஆர்.பி.யின் பாடல்களில் திரும்பிப்போக ஊர் எதுவும் இல்லை. பேருந்துப் புகையிலும் மின்வெட்டிலும் வளர்ந்த ஒரு தலைமுறைக்கு நகரமே சொந்த ஊர் என்று முதலில் சொன்னவர்களில் இவர்கள் அடங்குவர். கிட்டாரின் அந்த உறுமல் ஒலி வேறு எந்த நிலத்துக்கும் பொருந்தாது. சில வருடங்கள் கழித்து ஜேம்ஸ் தன்னை 'நகர் பாவுல்' என்று, அதாவது நகரத்து நாடோடிப் பாடகன் என்று அழைத்துக்கொண்டதும் இதே உணர்வில்தான்.

அடுத்த வருடம் வந்த 'சுக்' (இன்பம்) அவர்களை நாடு முழுவதும் கொண்டுசென்றது. பாச்சுவே எழுதி இசையமைத்த 'ஷேய் துமி' அதில்தான் இருக்கிறது. பிரிந்துபோன ஒருவரை நோக்கிய பாடல் அது. பங்களாதேஷில் கிட்டார் கற்கத் தொடங்கும் எந்தப் பையனும் கடந்துபோகவேண்டிய முதல் படிகளில் ஒன்றாக அது மாறிவிட்டது. கவிஞர் கவ்ஸார் அஹ்மத் சௌதுரி எழுதிய 'ரூபாலி கிட்டார்' என்ற பாடலும் அதே அல்பத்தில் உண்டு. வெள்ளிநிறக் கிட்டாரை விட்டுவிட்டு ஒருநாள் தொலைதூரம் போய்விடப்போகும் கலைஞனின் பாடல். முப்பது வயதுகூட நிரம்பியிராத அல்லது அப்போதுதான் நிரம்பிய ஒருவர் அதைப் பாடியபோது அது ஒரு கற்பனைச் சோகம் மாத்திரமே. 2018 ஒக்டோபரில் வானொலிகளும் தொலைக்காட்சிகளும் மீண்டும் மீண்டும் ஒலிபரப்பியது அந்தப் பாடலைத்தான்.

எனது மதிப்பீட்டில் எல்.ஆர்.பி. ஒரு குழுவாக உச்சத்தில் நின்றது 1992க்கும் 1996க்கும் இடைப்பட்ட அந்த வருடங்களில்தான். 1994இல் 'தபுவோ' (ஆயினும்), 1995இல் 'குமந்த ஷொஹொரே' (உறங்கும் நகரில்). முதல் அல்பத்தில் தூக்கம் கலைந்த நகரம் மூன்று வருடங்களில் மீண்டும் உறங்கப் போய்விட்டது. இது தற்செயலாக இருக்கலாம். ஆனால், 1990 கிளர்ச்சியின் உற்சாகம் வடிந்து கட்சிச் சண்டைகளும் ஹர்த்தால்களும் நாட்டை முடக்கத் தொடங்கிய காலத்தோடு அந்தத் தலைப்பு நன்றாகவே ஒத்துப்போகிறது. இசையும் இருண்டிருந்தது. டுடுலின் கீபோர்ட் விரித்த மேகத்தின் ஊடாகக் கிட்டார் நீண்டுபோகும். ஸ்வபனின் பேஸ் நிதானமாக நிலத்தைப் பிடித்துக்கொண்டிருக்கும். பாச்சுவுக்கு அழகான குரல் இல்லை. அது அடித்தொண்டையில் இருந்து வரும் கரகரத்த குரல். மற்ற மூவரும் விட்டுக்கொடுத்த இடைவெளியில்தான் அந்தக் குரலின் குறை குணமாக மாறியது என்று நான் சொல்வேன்.

அதே 1995ஆம் ஆண்டு இன்னொரு கசெட்டும் வந்தது. அதன் பெயர் 'கஷ்டொ'. நமது 'கஷ்டம்' என்ற சொல்லேதான், ஆனால் வங்காளத்தில் அது மனத்துயரத்தைக் குறிக்கும். அட்டையில் எல்.ஆர்.பி. என்று இல்லை, அயூப் பாச்சு என்று இருந்தது. லத்திஃபுல் இஸ்லாம் ஷிப்லி போன்றவர்களின் வரிகளில் காதல் தோல்வியைக் கொட்டித் தீர்த்த அந்த அல்பம் பெற்ற வரவேற்பு மிகப்பெரியது. நாட்டின் ஒவ்வொரு தேநீர்க் கடையிலும் அது ஒலித்ததாக அந்தத் தலைமுறையினர் இன்றும் நினைவுகூர்வார்கள். இங்கேதான் கதை திரும்புகிறது என்பது எனது கருத்து. குழுவின் அல்பத்தில் நகரமும் நடைபாதை வியாபாரியும் இருந்தார்கள். தனி அல்பத்தில் காயப்பட்ட ஒரு 'நான்' மாத்திரமே இருந்தது. சந்தை எதைக் கேட்டது என்பதைச் சொல்லவேண்டியதில்லை.

1996 பரபரப்பான வருடம். ஜேம்ஸின் ஃபீலிங்ஸ் குழுவோடு சேர்ந்து 'கேப்ஸ்யூல் 500 மில்லிகிராம்', 'ஸ்க்ரூ டிரைவர்ஸ்' என்ற இரு கூட்டு அல்பங்களை எல்.ஆர்.பி. வெளியிட்டது. ரசிகர்கள் இரு முகாம்களாகப் பிரிந்து சண்டை பிடித்துக்கொண்டிருக்கையில் தலைவர்கள் ஒரே கசெட்டில் பக்கம் பக்கமாகப் பாடிக்கொண்டிருந்தார்கள். 'ஹாஸ்தே தேகோ' என்ற பாடல் முதலாவது கூட்டு அல்பத்தில் வந்ததே. சிரிப்புக்கும் பாட்டுக்கும் பின்னால் மறைந்திருக்கும் வேதனையை எவரும் பார்ப்பதில்லை என்ற பொருளுடைய அதுவும் பாச்சுவின் பெயரோடு ஒட்டிக்கொண்டுவிட்டது. அதே வருடத்தில் மின்சார இரைச்சல் இல்லாமல் நேரடியாக வாசித்துப் பதிவு செய்யப்பட்ட 'ஃபெராரி மன்' (தலைமறைவான மனம்) வெளிவந்தது. நாட்டில் அந்த வகையில் அதுவே முதலாவது என்று சொல்லப்படுகிறது. அது கலையகத்து அல்பங்களின் பட்டியலில் சேராது. ஆனாலும், கடும் ரொக் வாசிப்பவர்களுக்கு ஒலியைக் குறைத்தால் பாடத் தெரியாது என்று சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு அது ஒரு பதிலாக அமைந்தது. 'ஸ்வப்ன'வும் அந்த வருடத்தியதே.

1998இல் மீண்டும் இரட்டைக் கசெட். ஒன்று 'ஆமாதேர்' (எங்களுடையது), மற்றது 'பிஸ்மய்' (வியப்பு). இரண்டையும் சேர்த்து வாசித்தால் 'எங்கள் வியப்பு' என்று வரும். பெயரில் 'எங்கள்' இருந்தது. ஆனால், வெளியில் உலகம் வேறுவிதமாக மாறிக்கொண்டிருந்தது. பல பாடகர்களின் தலா ஒரு பாடலைத் தொகுத்து விற்கும் கலவை அல்பங்கள் சந்தையை ஆக்கிரமித்தன. பிரின்ஸ் மஹ்மூத் போன்ற இசையமைப்பாளர்கள் மெட்டையும் வாத்தியத்தையும் தயாராக வைத்துக்கொண்டு பாச்சுவையும் ஜேம்ஸையும் மற்றவர்களையும் பாடுவதற்கு மாத்திரம் அழைத்தார்கள். அவற்றில் நல்ல பாடல்கள் இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால், அந்தக் கசெட்டுகளில் குழுக்களுக்கு வேலை இல்லை. தேவைப்பட்டது குரல் மாத்திரமே. 1999இல் காஸி ஹயாத் இயக்கிய 'அம்மாஜான்' திரைப்படத்துக்கு பாச்சு பாடிய தலைப்புப் பாடல், ரொக் இசை என்றால் என்னவென்றே தெரியாத கிராமத்துத் தாய்மார்களிடமும் அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது. அபசம்ஸ்கிருதி என்ற சொல் அதோடு செத்துப்போனது என்றே சொல்லலாம். அதே வேகத்தில் எல்.ஆர்.பி. என்ற பெயரும் மங்கியது. மக்கள் கச்சேரிக்குப் போவது 'பாச்சுவைப் பார்க்க' என்றாகியது.

அதற்குப் பின்வந்த அல்பங்களை வேகமாகவே கடந்துபோகலாம். 'மன் சாய்லே மன் பாபே', 'அசேனா ஜீபன்', 'மனே ஆசே நாகி நேய்', 'ஸ்பர்ஷ' என்று 2000களின் முதல் தசாப்தத்தில் ஒவ்வொன்றாக வந்தன. டுடுல் விலகிச் சென்று திரைப்பட இசையில் பெயர் எடுத்தார். ட்ரம்ஸ் ஆசனத்தில் ஆட்கள் மாறினார்கள். இரண்டாவது கிட்டாருக்கு மஸூத் வந்தார். தொடக்கத்தில் இருந்து இறுதிவரை பாச்சுவின் அருகில் நின்றவர் ஸ்வபன் ஒருவரே. ஒலிப்பதிவின் தரம் முன்னரைவிட எவ்வளவோ உயர்ந்திருந்தது. டாக்கா மொக்பஜாரில் பாச்சு 'ஏபி கிச்சன்' என்ற பெயரில் சொந்தக் கலையகம் வைத்திருந்தார். சமையலறை என்று பெயர் வைத்தது பொருத்தம்தான். அங்கு சமையல்காரர் ஒருவரே. பழைய கசெட்டுகளின் நெருக்கமும் கரடுமுரடும் இந்த அல்பங்களில் எனக்குக் கிடைக்கவில்லை. இதை ஏற்றுக்கொள்ளாத ரசிகர்கள் பலர் இருப்பார்கள் என்பதை அறிவேன்.

இந்தக் காலகட்டத்தில் கசெட் மறைந்து இறுவட்டு வந்தது. இறுவட்டு நிலைபெற முன்னரே அதைக் கணினியில் பிரதிசெய்து விற்கும் கடைகள் தெருவுக்குத் தெரு திறக்கப்பட்டன. பட்டுவாட்டுலியின் நிறுவனங்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சோர்ந்துபோயின. மறுபக்கத்தில் கையடக்கத் தொலைபேசி நிறுவனங்களும் பின்னர் யூடியூப் அலைவரிசைகளும் பழைய பாடல்களை வைத்துப் பணம் பார்த்தன. ஒரே தொகைக்குப் பாடலைக் கொடுத்துவிட்ட கலைஞர்கள் அதில் தங்களுக்கு என்ன பங்கு என்று கேட்டபோது பலரிடம் காட்டுவதற்கு எழுத்தில் எதுவும் இருக்கவில்லை. 2012இல் 'ஜுத்த' (போர்) வெளிவந்தது. அதன் பிறகு எல்.ஆர்.பி.யிடம் இருந்து முழு அல்பம் எதுவும் வரவில்லை. தனது இறுதி வருடத்தில் பாச்சு தன்னிடம் இருந்த கிட்டார்களில் சிலவற்றை விற்கப்போவதாக அறிவித்தார். இளம் கிட்டார் கலைஞர்களுக்காக நாடு தழுவிய ஒரு நிகழ்ச்சியை நடத்த அவர் விரும்பியதாகவும், அதற்கு அனுசரணையாளர்கள் கிடைக்கவில்லை என்றும் செய்திகள் கூறின. நாட்டின் மிகப்பெரிய ரொக் கலைஞரின் நிலைமை அதுவாக இருந்தது.

அவர் மறைந்து ஆறு மாதங்களில், 2019 ஏப்ரலில், குழுவின் பிறந்தநாளையொட்டி எஞ்சிய உறுப்பினர்கள் பாலம் என்ற பாடகரைச் சேர்த்துக்கொண்டு எல்.ஆர்.பி. தொடரும் என்று அறிவித்தார்கள். பாலம் அனுபவமுள்ள கலைஞர். 'வார்ஃபேஸ்' குழுவில் இருந்து 2003இல் வெளியான 'மஹாராஜ்' அல்பத்தில் பாடியவர். பாச்சுவின் குடும்பத்தினர் எல்.ஆர்.பி. என்ற பெயரைப் பயன்படுத்துவதை ஆட்சேபித்தார்கள். ரசிகர்களும் கொதித்தார்கள். சில தினங்களில் பெயர் 'பாலம் அண்ட் த லெகசி' என்று மாற்றப்பட்டது. இரு பக்கத்திலும் நியாயம் இருந்தது. தந்தையின் வாழ்நாள் உழைப்பு இன்னொருவரின் குரலில் விற்பனையாவதைப் பார்க்க எந்தப் பிள்ளை விரும்பும்? மறுபக்கத்தில், 1991இல் இருந்து அதே மேடையில் நின்ற ஸ்வபன் போன்ற ஒருவருக்கு அந்த மூன்று எழுத்துகளில் உரிமை எதுவுமே இல்லையா?

இதே கேள்வியை வார்ஃபேஸிடம் கேட்டுப் பார்க்கவேண்டும். 1984இல் டாக்காவில் சில பள்ளித் தோழர்கள் தொடங்கிய கடும் ரொக் குழு அது. சஞ்ஜய், பாப்னா, மிஸான், பாலம் என்று பாடகர்கள் வந்தார்கள், போனார்கள். கிட்டார் வாசித்த கமாலும் ட்ரம்ஸ் வாசித்த டிப்புவும் பல தசாப்தங்கள் அந்தப் பெயரைச் சுமந்தார்கள். 1994இல் அவர்களது இரண்டாவது அல்பத்தின் தலைப்புப் பாடலாக பாப்னா பாடிய 'அபாக் பாலோபாஷா', 2024இல் ஒரு பெரிய தொலைக்காட்சி இசைத்தொடருக்காகப் புதிதாகப் பதிவுசெய்யப்பட்டபோது அவரே வெளிநாட்டில் இருந்து வந்து மீண்டும் பாடினார். பல வருடங்களுக்கு முன்னர் விலகிப்போனவர்கள் கூட அந்தக் குழுவுக்குள் திரும்பி வர முடிந்தது. சோல்ஸுக்கும் இது பொருந்தும். பாச்சுவே விலகிப்போன பிறகும் அது பாடிக்கொண்டிருந்தது. எல்.ஆர்.பி.யினால் மாத்திரம் அது முடியவில்லை. அதற்கான காரணம் 2018இல் அல்ல, 1995இல், ஒரே வருடத்தில் வந்த அந்த இரு கசெட்டுகளின் அட்டைகளில் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன்.

2020இல் பங்களாதேஷின் பதிப்புரிமை அலுவலகம் பாச்சுவின் இருநூறுக்கும் மேற்பட்ட பாடல்களைச் சேகரித்து இணையத்தில் பாதுகாக்கும் நடவடிக்கையைத் தொடங்கியது. உரிமைப்பணம் குடும்பத்தைச் சென்றடையவேண்டும் என்பதே நோக்கம். ஒரு அரசாங்கம் ஒரு ரொக் கலைஞருக்காக இவ்வாறு முன்வந்தது வரவேற்கத்தக்கது. தாமதமாகவேனும் நடந்தது. ஆனால், பட்டியல் அவர் பெயரில்தான் இருக்கிறது. 'சுக்' அல்பத்தில் கீபோர்ட் வாசித்தவரின், ட்ரம்ஸ் அடித்தவரின் பங்கை எந்தப் பதிவேட்டில் தேடுவது?

அவரது விருப்பப்படி சிட்டகொங்கில், தாயாரின் கல்லறைக்கு அருகில் அவர் அடக்கம் செய்யப்பட்டார். 2019 செப்டெம்பரில் அந்நகரின் மாநகராட்சி பிரவர்த்தக் சந்தியில் ஒரு நினைவுச்சின்னத்தை நிறுவியது. 'ரூபாலி கிட்டார்' என்று பெயர். உருக்கினால் செய்து வெள்ளிநிறத்தில் மினுக்கப்பட்ட உயரமான ஒற்றைக் கிட்டார், வாகனங்கள் அதைச் சுற்றிப் போகின்றன.